அழகான ஓவியம், ஆறாக ஓடும் ரத்தம்: இந்த வகை காமிக்ஸ் ஒரே ஜோக்தானா?

கோடாரிப்பிள்ளை கேட்டது:

வணக்கம் மக்களே. ஸ்காட்டி யங் எழுதி வரைந்த ‘ஐ ஹேட் ஃபேரிலேண்ட்’ காமிக்ஸின் முதல் தொகுப்பைப் படித்து முடித்தேன். பிடித்ததா பிடிக்கவில்லையா என்று எனக்கே தெரியவில்லை, அதனால்தான் இங்கே கேட்கிறேன்.

படிக்காதவர்களுக்காகக் கதைச் சுருக்கம். கெர்ட்ரூட் என்ற சின்னப் பெண், மாயாஜால உலகத்துக்குப் போக வேண்டும் என்று ஆசைப்படுகிறாள். தரை பிளந்து அவளை உள்ளே இழுத்துக்கொள்கிறது. அங்கே கிளவுடியா என்ற அரசி ஒரு வரைபடத்தைக் கையில் கொடுத்து, சாவியைக் கண்டுபிடித்தால் வீட்டுக்குப் போகலாம் என்கிறாள். ஒரு நாள் வேலை. 27 வருடம் ஓடிவிடுகிறது, சாவி கிடைத்தபாடில்லை. உடம்பு மட்டும் வளரவே இல்லை. பச்சைச் சுருள்முடியோடு அதே குட்டிப் பெண்ணாகத்தான் இருக்கிறாள், உள்ளே நாற்பதை நெருங்கும் ஒருத்தியின் வெறுப்பு, கையில் கோடாரி. கதை சொல்ல வரும் நிலாவையே முதல் இதழில் சுட்டுச் சிதறடிக்கிறாள். ஆத்திரத்தில் கெட்ட வார்த்தை பேசப் போனால்கூட அது செல்லமான வார்த்தையாக மாறித்தான் வாயிலிருந்து வரும், அந்தக் கடுப்பு வேறு.

முதல் இதழுக்கு வாய்விட்டுச் சிரித்தேன். மூன்றாவது இதழுக்கு வரும்போது, சரி, இப்போது ஓர் அழகான ஜந்து வரும், தேனாகப் பேசும், பக்கத்தைத் திருப்பினால் அதற்குத் தலை இருக்காது என்று முன்னாலேயே தெரிந்துவிட்டது. ஐந்தாவதில் இன்னும் எத்தனை பக்கம் இருக்கிறது என்று புரட்டிப் பார்க்க ஆரம்பித்துவிட்டேன். ஆனால் ஓவியத்தை விட்டுக் கண்ணை எடுக்கவும் முடியவில்லை.

என் கேள்வி: இந்த வகையே இவ்வளவுதானா? அழகு கூட்டல் ரத்தம், சமம் சிரிப்பு, அதற்கு மேல் ஒன்றும் இல்லையா? குழந்தைகள் கதையைத் தலைகீழாக்குகிறோம் என்று வரும் காமிக்ஸில் அலுக்காமல் நிற்பது எது, ஏன் நிற்கிறது? அடுத்து என்ன படிக்கலாம் என்றும் சொல்லுங்கள்.

---

மைக்கறை எழுதியது:

நண்பரே, உங்களுக்கு அலுத்ததில் ஆச்சரியமே இல்லை. மாதம் ஒன்றாக வர எழுதிய இதழ்களை ஒரே மூச்சில் ஐந்து படித்தால் அப்படித்தான் இருக்கும். 2015 அக்டோபரில் முதல் இதழ் வந்தபோது படித்தவனுக்கு ஒரு குத்து, அப்புறம் ஒரு மாதம் ஓய்வு. உங்களுக்கு ஐந்து குத்தும் ஒரே மாலையில் விழுந்திருக்கிறது.

ஆனால் ஒரு விஷயத்தில் உங்களோடு உடன்பட மாட்டேன். இதில் ஜோக் ரத்தத்தில் இல்லை, விதிகளில் இருக்கிறது. கிளவுடியாவை யோசித்துப் பாருங்கள். தன் நாட்டைச் சின்னாபின்னமாக்கும் பிசாசை அவளால் தொடக்கூட முடியாது, ஏனென்றால் கெர்ட் விருந்தாளி, விருந்தாளியை அரசி கொல்லக் கூடாது என்பது அந்த உலகத்தின் விதி. அடியாள் வைத்துப் பார்க்கிறாள், நடக்கவில்லை. கடைசியில் விதிக்கு உள்ளேயே ஓர் ஓட்டை கண்டுபிடிக்கிறாள்: இன்னொரு சிறுமியை வரவழைத்து அதே சாவியைத் தேட விடுவது. அவள் முந்திக்கொண்டால் கெர்ட்டுக்கு இருக்கும் பாதுகாப்பு போச்சு. வருகிறவள் பெயரே ஹேப்பி. சிரித்த முகம், நல்ல குணம், போகிற இடமெல்லாம் பூப்பூக்கும். அவளைப் பார்த்ததும் கெர்ட்டுக்கு வரும் எரிச்சல் இருக்கிறதே, பல வருடமாக ஒரே மேஜையில் பதவி உயர்வு இல்லாமல் உட்கார்ந்திருப்பவர், புதிதாகச் சேர்ந்த துறுதுறு ஆளைப் பார்க்கும் பார்வைதான் அது. அந்த இடத்தில் நான் சிரித்தது வெட்டுக்காக இல்லை.

அவளோடு அலையும் லாரி என்ற ஈயையும் விட்டுவிடாதீர்கள். வழிகாட்ட என்று நியமிக்கப்பட்ட தொப்பி போட்ட ஈ. அவனும் அதே 27 வருடத்தைத்தான் தொலைத்திருக்கிறான், அவனுக்கும் வேறு பிழைப்பு இல்லை. கெர்ட் கத்துவாள், அவன் பெருமூச்சு விடுவான். வெட்டுக்குத்தைக் கழற்றிவிட்டுப் பார்த்தால் முடிவே இல்லாத ஒரு வேலையில் மாட்டிக்கொண்ட இரண்டு பேரின் கதை இது. அந்த நினைப்பு இருக்கும் பக்கங்களில் தொடர் எழுந்து நிற்கிறது, மறந்த பக்கங்களில் நீங்கள் சொன்ன அழகு கூட்டல் ரத்தமாகச் சுருங்கிவிடுகிறது. நடுவில் அப்படிச் சில இதழ்கள் உண்டு, மறுக்கவில்லை.

முதல் தொகுப்பின் முடிவு உங்களுக்குத் தெரியும் என்பதால் சொல்கிறேன், இரண்டாவதில் நிலைமை திரும்புகிறது. உலகத்தையே உடைத்துக்கொண்டிருந்தவள் சிம்மாசனத்தில் உட்கார்ந்து அதை ஆள வேண்டும். அங்கே விடாதீர்கள்.

---

பழையபெட்டி எழுதியது:

எல்லோரும் தலைகீழாக்குவது, உடைப்பது என்கிறீர்கள், எதை உடைக்கிறார்கள் என்று யாரும் கேட்கவில்லை. பழைய தேவதைக் கதைகளில் ஓடாத ரத்தமா?

கிரிம் சகோதரர்களின் முதல் பதிப்பு 1812-ல் வந்தது. சிண்ட்ரெல்லாவின் செருப்புக்குள் கால் நுழைய வேண்டும் என்று ஒருத்தி கால்விரலை வெட்டிக்கொள்கிறாள், இன்னொருத்தி குதிகாலைச் செதுக்கிக்கொள்கிறாள். ஸ்னோ வொயிட் கதையின் அரசி பழுக்கக் காய்ச்சிய இரும்புச் செருப்பைப் போட்டுக்கொண்டு சாகும்வரை ஆட வேண்டும். கசாப்புக்காரன் விளையாட்டு விளையாடிய பிள்ளைகள் நிஜமாகவே ஒரு பிள்ளையை அறுத்துவிடும் கதையும் அதே பதிப்பில் இருந்தது. 1819-ல் இரண்டாம் பதிப்பு வந்தபோது அதை எடுத்துவிட்டார்கள். ஸ்னோ வொயிட்டைக் கொல்லப் பார்ப்பவள் முதல் பதிப்பில் பெற்ற தாய், அடுத்ததில் அவளை மாற்றாந்தாய் ஆக்கினார்கள்.

இதில் வேடிக்கை என்னவென்றால், பிள்ளைகளுக்கு ஏற்ற மாதிரி திருத்துகிறோம் என்று உட்கார்ந்தவர்கள் எல்லா வன்முறையையும் குறைக்கவில்லை. கெட்டவர்களுக்கு விழும் தண்டனையைக் கூட்டினார்கள். சிண்ட்ரெல்லாவின் சகோதரிகள் கண்ணைப் புறா கொத்திப் பிடுங்குவது முதல் பதிப்பில் கிடையாது, 1819-ல்தான் சேர்ந்தது! குழந்தை கண்ணெதிரே ரத்தம் இருக்கலாம், அது நியாயமான ரத்தமாக இருந்தால் போதும் என்பது அவர்கள் கணக்கு.

பினோக்கியோவை எடுத்துக்கொள்ளுங்கள். அறிவுரை சொல்லும் சில்வண்டை அந்த மரப்பொம்மை நாலாவது அத்தியாயத்திலேயே சுத்தியலால் அடித்துச் சாகடிக்கிறான். 1881-ல் பத்திரிகையில் தொடராக வந்தபோது, பினோக்கியோவை மரத்தில் தூக்கில் தொங்கவிட்டு 15-வது அத்தியாயத்தோடு கதையை முடித்துவிட்டார் கொலோடி. தொடரச் சொன்னதால்தான் மறுபடி உயிர் கொடுத்தார்.

1900-ல் வந்த ஆஸ் மந்திரவாதி கதை இன்னும் ஜோர். முன்னுரையில் ஃபிராங்க் பாம், பழைய கதைகளின் துயரத்தையும் பயங்கரத்தையும் விட்டுவிட்டு, வியப்பையும் மகிழ்ச்சியையும் மட்டும் வைத்துப் புதிய வகைக் கதை எழுதியிருப்பதாகச் சொல்கிறார். உள்ளே போனால் தகர மனிதன் கோடாரியை எடுத்துக்கொண்டு வரிசையாக நின்று 40 ஓநாய்களின் தலையைச் சீவுகிறான். அடுத்து வைக்கோல் பொம்மை 40 காக்கைகளின் கழுத்தைத் திருகுகிறது. கெர்ட்டின் கோடாரி எங்கிருந்து வந்தது என்று தேட வேண்டியதே இல்லை.

ஆகவே இந்த காமிக்ஸ் கேலி செய்வது பழைய கதையை அல்ல. பிற்காலத்தில் சோப்புப் போட்டுக் கழுவி, பிங்க் சாயம் பூசி வைத்தார்களே, அந்தப் பதிப்பை. கேலியும் புதிது கிடையாது. 1950-களின் தொடக்கத்திலேயே ஈசி காமிக்ஸ் என்ற அமெரிக்கப் பதிப்பகம் தன் திகில் இதழ்களில் தேவதைக் கதைகளைக் கோரமாக்கிப் போட்டது. 1954-ல் காமிக்ஸ் கோட் என்ற தணிக்கை விதித்தொகுப்பு வந்து, தலைப்பில் ‘ஹாரர்’ என்ற சொல்லே கூடாது என்றதும் அந்தக் கடையை மூட வேண்டியதாயிற்று.

புதிதாக ஒன்று இருக்கிறதென்றால், அது நியாயம் காணாமல் போனது. பழைய கதையில் வெட்டுப்படுபவன் ஏதாவது தப்பு செய்திருப்பான். நிலா என்ன தப்பு செய்தது? கதை சொன்னது, அவ்வளவுதான். கெர்ட் செய்வதற்கு எந்தப் புறாவும் வந்து கண்ணைக் கொத்துவதில்லை, அவளுக்கு வீடு போகவும் லேசில் வழி கிடைப்பதில்லை. நல்லது செய்தால் நல்லது நடக்கும் என்ற அந்தக் கணக்குப் புத்தகத்தையே கிழித்துப் போடுகிறார் ஸ்காட்டி யங். மற்றபடி குடல் வெளியே வருவதெல்லாம் அலங்காரம்.

---

தூரிகைக்காரி எழுதியது:

பழையபெட்டி அண்ணா ஆஸ் பற்றிச் சொன்னதில் ஒரு முக்கியமான ஆள் விட்டுப்போய்விட்டார். அந்த ஆஸ் கதைகளை மார்வெலுக்கு காமிக்ஸாக வரைந்ததே இதே ஸ்காட்டி யங்தான். எரிக் ஷானவர் எழுத, இவர் வரைய, ஆறு புத்தகங்கள். முதல் கதைக்கு 2010-ல் காமிக்ஸுக்கான ஐஸ்னர் விருதும் கிடைத்தது, குழந்தைகளுக்கான சிறந்த படைப்பு என்ற பிரிவிலும் சேர்த்து. அதற்கு வண்ணம் போட்ட ஜான்-ஃபிரான்ஸ்வா போலியூதான் ஃபேரிலேண்டுக்கும் போட்டார். வருடக்கணக்காக உண்மையான அன்போடு மாய உலகத்தை வரைந்த அதே இரண்டு ஜோடிக் கைகள். அதனால்தான் கோடாரிப்பிள்ளையால் ஓவியத்தை விட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை. வெளியே நின்று கல்லெறிபவர் வரைந்திருந்தால் அந்த உலகம் இவ்வளவு நம்பும்படியாக வந்திருக்காது.

ரத்தத்தை எப்படி வண்ணம் தீட்டியிருக்கிறார்கள் என்று ஒருமுறை உற்றுப் பாருங்கள். வன்முறை காமிக்ஸ் என்றால் பொதுவாக ரத்தம் தெறிக்கும் பக்கத்தில் மற்ற வண்ணங்களை அடக்கிவிடுவார்கள், சுவர் சாம்பல், முகம் வெளிர், சிவப்பு மட்டும் பளிச். இங்கே அந்தப் பேச்சே இல்லை. வானம் ஊதா, காளான் மஞ்சள், புல்லில் டர்க்காய்ஸ், ரத்தமும் அவற்றோடு சேர்ந்து இன்னொரு மிட்டாய் நிறம். தலை போன பிறகும் பின்னணி சிரித்துக்கொண்டேதான் இருக்கிறது. உடம்புகளும் ரப்பரால் செய்த மாதிரி, கண்விழி பிதுங்கும், நாக்கு சுருளும், எலும்பு என்றால் கார்ட்டூன் எலும்பு, இரண்டு முனையிலும் குமிழ் வைத்தது. வலி தெரியவே தெரியாது. வலி தெரிந்த கணத்தில் சிரிப்பு நின்றுவிடும் என்று அவருக்குத் தெரியும்.

அந்தக் கோட்டைத் தெரிந்தே தாண்டிய ஒரு புத்தகம் இருக்கிறது. பேட்ரிக் ஹோர்வாத் எழுதி வரைந்த ‘பெனீத் தி ட்ரீஸ் வேர் நோபடி ஸீஸ்’. 2023-ல் தொடங்கிய ஆறு இதழ்கள். குட்டிப் பிள்ளைகளின் படப் புத்தகம் மாதிரி மென்மையான நீர்வண்ணம், சட்டை போட்ட விலங்குகள், எல்லோரும் எல்லோருக்கும் வணக்கம் சொல்லும் சிற்றூர். ஹார்டுவேர் கடை வைத்திருக்கும் சமந்தா என்ற கரடி ஒரு தொடர் கொலைகாரி. அவளுக்கு ஒரே ஒரு கட்டுப்பாடு, உள்ளூர்க்காரர்களைத் தொட மாட்டாள், நகரத்துக்குப் போய்த்தான் ஆள் பிடிப்பாள். ஒரு நாள் உள்ளூரிலேயே ஒருவர் கோரமாகக் கொல்லப்பட்டுக் கிடக்கிறார், செய்தது அவள் இல்லை. இப்போது கொலைகாரி துப்பறிய வேண்டும், தான் மாட்டிக்கொள்ளாமல் இருப்பதற்காக. இதில் முகங்கள் பொம்மை, வெட்டுப்பட்ட உடம்பு மட்டும் நிஜ உடம்பு. தசை தசையாகவே இருக்கிறது. ஃபேரிலேண்டில் சிரித்த அதே அளவு வெட்டுக்கு இங்கே வயிற்றைப் புரட்டும். அழகு கூட்டல் ரத்தம் ஒரே விடையைத் தரும் கணக்கு இல்லை என்பதற்கு இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தாலே போதும்.

---

நிழல்வாசி எழுதியது:

எல்லோரும் ரொம்பப் பெருந்தன்மையாகப் பேசுகிறீர்கள். இந்த வகையில் வருவதில் பாதிக்கு மேல் சோம்பேறித்தனம் என்பது என் கட்சி. டெடி பொம்மைக்கு ஒரு துப்பாக்கி, யூனிகார்னுக்கு ஒரு சிகரெட், தேவதைக்கு நாலு கெட்ட வார்த்தை, அட்டை தயார். உள்ளே கதையைத் தேடினால் அட்டையில் இருந்த அதே ஜோக் கோட்டு சூட்டு மாற்றிக்கொண்டு உட்கார்ந்திருக்கும். ஃபேரிலேண்டையும் அந்தக் கூட்டத்தின் தலைப் பிள்ளை என்றுதான் வைத்திருக்கிறேன். மைக்கறை சொன்ன அந்த முடியாத வேலையின் சோகம் அதில் இருக்கிறது, ஆனால் பத்துப் பக்கத்துக்கு ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு ஓடிவிடுகிறது.

நான் கைகாட்டுவது ஒரு பிரெஞ்சுப் புத்தகம், 2009-ல் வந்த ‘ஜோலி தெனேப்ர்’, ஆங்கிலத்தில் ‘பியூட்டிஃபுல் டார்க்னஸ்’. ஃபேபியன் வேல்மன் எழுத்து, கெராஸ்கோயெட் என்ற பெயரில் சேர்ந்து வரையும் மரி பொம்புயி, செபாஸ்தியன் கொசே ஓவியம். ஆரம்பத்தில் ஒரோர் என்ற பெண் ஒரு இளவரசனோடு உட்கார்ந்து கேக் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாள், இதமான வெளிச்சம், வெட்கம், பூ வேலைப்பாடு. கூரையிலிருந்து சிவப்பாக ஏதோ ஒழுகுகிறது. சுவர் இளகுகிறது. எல்லோரும் முண்டியடித்துக்கொண்டு வெளியே ஓடுகிறார்கள். வெளியே மழை, காடு. அவர்கள் அத்தனை பேரும் வெளியேறியது காட்டில் செத்துக் கிடக்கும் ஒரு சிறுமியின் உடம்புக்குள்ளிருந்து. விரல் உயரம்தான் ஆள். அப்புறம் அந்தக் குட்டி ஆட்கள் பிழைப்பு நடத்தத் தொடங்குகிறார்கள், பக்கத்திலேயே உடம்பு பருவத்துக்குப் பருவம் அழுகிக்கொண்டிருக்கிறது, யாரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசுவதில்லை. அந்தச் சிறுமி எப்படிச் செத்தாள் என்று கடைசிவரை சொல்ல மாட்டார்கள்.

கொடுமை எல்லாம் விளையாட்டு முகத்தோடு நடக்கும். ஒருத்தர் செத்தால் இன்னொருத்தருக்கு அது பொழுதுபோக்கு, அடுத்த கட்டத்தில் மறந்தே போய்விடும். சின்னப் பிள்ளைகள் எறும்பை நசுக்கும்போது முகத்தில் கோபமே இருக்காதே, அந்த முகம். கெர்ட் கோபப்படுவதால் அவளைப் புரிந்துகொள்ள முடிகிறது. இவர்களுக்குக் கோபமே இல்லை. சில இடங்களில் சிரித்தேன், சிரித்தது எனக்கே பிடிக்கவில்லை. இருட்டான நகைச்சுவை என்று சொன்னால் எனக்கு இதுதான் அளவுகோல்.

தேடும்போது ‘ஃபேபிள்ஸ்’ பெயரும் கண்ணில் படும். 2002 முதல் 2015 வரை 150 இதழ்கள், கதைப் பாத்திரங்கள் நியூயார்க்கில் அகதிகளாகத் தலைமறைவு வாழ்க்கை வாழ்வது. நல்ல தொடர், மூன்று பன்றிக்குட்டிகளில் ஒன்றின் தலை கம்பத்தில் ஏறும் அளவுக்குக் கொடூரமும் உண்டு. ஆனால் சிரிக்கப் போனால் ஏமாந்துவிடுவீர்கள், அது அரசியலும் போரும்.

---

கோடாரிப்பிள்ளை எழுதியது:

இவ்வளவு வரும் என்று எதிர்பார்க்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. தூரிகைக்காரி அக்கா சொன்னதை வைத்துப் பழைய பக்கங்களைத் திரும்பப் புரட்டினேன், அந்தச் சிரிக்கும் பின்னணி இப்போது கண்ணில் உறுத்திக்கொண்டே இருக்கிறது. நிழல்வாசியின் விவரிப்பைப் படித்த பிறகு அந்தப் பிரெஞ்சுப் புத்தகத்தைத் தொடுவதற்கே கொஞ்சம் பயமாக இருக்கிறது, ஆனால் அதைத்தான் முதலில் எடுப்பேன் என்று நினைக்கிறேன்.

பழையபெட்டி அண்ணா, உங்களிடம் ஒரு சந்தேகம். நியாயம் இல்லாததுதான் புதுசு என்றால், அந்தக் கசாப்பு விளையாட்டுக் கதையில் மட்டும் என்ன நியாயம் இருந்தது?

---

பழையபெட்டி எழுதியது:

சரியான இடத்தில் பிடித்தீர்கள். அந்தக் கதையில் நியாயம் எதுவும் இல்லை, அதனால்தான் அது முதலில் வெளியேறியது. ஒரு குடும்பமே ஒன்றன்பின் ஒன்றாகச் செத்துப்போகும், எதற்கு என்று கதை சொல்லாது. அப்படிப் பார்த்தால் ஃபேரிலேண்டுக்கு மூத்த அக்கா அதுதான். ‘நியாயம் காணாமல் போனது புதிது’ என்பதை ‘கழுவியவர்கள் முதலில் தூக்கிப் போட்டதை இவர்கள் பொறுக்கி எடுத்துக்கொண்டார்கள்’ என்று மாற்றிப் படித்துக்கொள்ளுங்கள்.

---

மைக்கறை எழுதியது:

வாங்கப் போகிறவர்களுக்கு இரண்டு வார்த்தை. ஸ்காட்டி யங் வரைந்த முதல் ஓட்டம் 20 இதழ்கள், 2018-ல் முடிந்தது, நாலு தொகுப்பு. 2022-ல் அவர் எழுத, பிரெட் பீன் வரைய, மறுபடி ஓர் ஓட்டம் தொடங்கியது. வளர்ந்து திரும்பிய கெர்ட்டிடமிருந்து அது ஆரம்பிப்பதால், முதல் நாலைப் படிக்காமல் அதில் கைவைக்க வேண்டாம்.

அட்டையைப் பார்த்து ஏமாந்து எட்டு வயதுப் பிள்ளைக்குப் பரிசாகக் கொடுத்துவிடவும் வேண்டாம். ஃபேரிலேண்டும் இங்கே சிபாரிசு செய்த மற்றவையும் பெரியவர்களுக்குத்தான். எங்கே வைப்பது என்று கேட்டால், ஃபேரிலேண்டை உயரமான அலமாரியில் வைத்தால் போதும், கரடிப் புத்தகத்தையும் பிரெஞ்சுப் புத்தகத்தையும் பூட்டியே வையுங்கள். அவைதான் பார்க்க இன்னும் சாதுவாக இருக்கும்.